நல்ல எண்ணம் இருந்தால் போதுமா? நோக்கமும் விளைவும் பற்றி ஓர் எளிய விளக்கம்

போன மழைக்காலத்தில் எங்கள் தெருப் பையன் ஒருவனுக்குக் காய்ச்சல் வந்தது. பழைய வண்ணாரப்பேட்டையில் மழை விட்டதும் வீட்டுக்கு ஒருவர் காய்ச்சலில் படுப்பது வழக்கம் என்பதால் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அவன் அம்மா வேலைக்குப் போயிருந்தார். உடம்பெல்லாம் முறுக்குகிறது என்று பையன் சுருண்டு கிடந்ததைப் பார்த்த எதிர்வீட்டு ஆயாவுக்கு மனசு கேட்கவில்லை. தன் மூட்டு வலிக்கு வாங்கி வைத்திருந்த மாத்திரையில் ஒன்றை வெந்நீரோடு கொடுத்தார். மறுநாள் காலையிலும் ஒன்று.

அது இபுப்ரோஃபென். பையனுக்கு வந்திருந்தது டெங்கு. டெங்குவில் ரத்தத் தட்டணுக்கள் குறையும், ரத்தம் கசியும் ஆபத்து கூடும். இபுப்ரோஃபென், ஆஸ்பிரின் போன்ற வலி மாத்திரைகள் அந்த ஆபத்தை இன்னும் கூட்டுபவை. அதனால்தான் டெங்குவாக இருக்கலாம் என்று சந்தேகம் வந்தாலே டாக்டர்கள் பாரசிட்டமாலோடு நிறுத்திக்கொள்கிறார்கள். மூன்றாம் நாள் பையனின் பல் ஈறில் ரத்தம் வந்தது. ஆஸ்பத்திரியில் ஐந்து நாள் இருந்து பிழைத்து வந்தான். மாத்திரையால்தான் ரத்தம் கசிந்தது என்று உறுதியாகச் சொல்ல முடியாது, ஆனால் கொடுத்திருக்கக் கூடாது என்றார் டாக்டர்.

தெரு இரண்டாகப் பிரிந்தது. "நான் இன்னா கெடுதல் நெனச்சா குடுத்தேன்?" என்று ஆயா அழுதார். பாதிப் பேர் அவர் பக்கம். "நெனப்பு நல்லாருந்தா ஆச்சா? புள்ள போயிருந்தா?" என்று மீதிப் பேர். மாலையில் என்னிடம் டியூஷன் படிக்க மொட்டை மாடிக்கு வரும் பிள்ளைகளும் அதையே கேட்டார்கள்: "சார், ஆயா செஞ்சது தப்பா, இல்லையா?"

ஒரே வார்த்தையில் என்னால் பதில் சொல்ல முடியவில்லை. ஏன் முடியவில்லை என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன். 'எண்ணம்தான் முக்கியம்', 'முடிவுதான் முக்கியம்' என்று வீட்டிலும் டீக்கடையிலும் தீர்ப்பு சொல்லிக்கொண்டே இருக்கிறோம். இரண்டுமே பாதி உண்மைகள். அந்தப் பாதியை வைத்து நல்ல மனிதர்கள் மேல் பழி போட்டிருக்கிறோம், பழிக்கு உரியவர்களைத் தப்பவும் விட்டிருக்கிறோம்.

ஒரு கேள்வி போலத் தெரிவது மூன்று கேள்விகள்

தெருச் சண்டையைக் கொஞ்சம் கூர்ந்து கவனித்தால், இரண்டு பக்கத்தாரும் வேறு வேறு கேள்விக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தது புரியும்.

முதல் கேள்வி, அந்தச் செயல் சரியா தவறா? காய்ச்சல் இன்னதென்று தெரியாத பிள்ளைக்குத் தன் மாத்திரையைக் கொடுப்பது செய்யத் தக்கதா? இரண்டாவது, அதைச் செய்தவர் எப்படிப்பட்டவர்? அவரைப் பாராட்ட வேண்டுமா, கண்டிக்க வேண்டுமா? மூன்றாவது, நடந்துவிட்டதற்கு இப்போது அவர் என்ன செய்யக் கடமைப்பட்டவர்?

ஆயா நல்லவர், செய்தது தவறு, பையனுக்கு ஏதாவது செய்ய அவர் கடமைப்பட்டவர். இந்த மூன்றையும் ஒரே மூச்சில் சொல்லலாம், முரண்பாடே கிடையாது. 'ஆயா நல்லவங்க, அதனால தப்பு இல்ல' என்று ஒன்றை இன்னொன்றுக்குள் திணிக்கும்போதுதான் குழப்பம் பிறக்கிறது. 'தப்பு நடந்துச்சு, அதனால அவங்க மோசம்' என்பதும் அதே திணிப்புதான்.

சரி தவறுகளை ஆராயும் துறைக்கு அறவியல் என்று பெயர். நோக்கம், விளைவு ஆகிய இரண்டில் எது எந்தக் கேள்விக்கு எவ்வளவு பதில் சொல்கிறது என்பது அதன் பழைய வழக்கு. இனி அதைப் படிப்படியாகப் பார்ப்போம்.

'எண்ணம்' என்ற சொல்லுக்குள் இரண்டு விஷயங்கள்

பேச்சுத் தமிழில் 'எண்ணம்' என்று பொதுவாகச் சொல்லிவிடுகிறோம். அதற்குள் இரண்டு விஷயங்கள் இருக்கின்றன. ஒருவரை உள்ளிருந்து தள்ளுவது எதுவோ அது உந்துதல்: இரக்கம், பயம், பண ஆசை, பெருமை, கடமையுணர்வு. தன் செயலால் என்ன நடக்க வேண்டும் என்று அவர் எண்ணுகிறாரோ அது நோக்கம். 'ஏன் செய்தாய்?' என்பதற்கு உந்துதல் பதில். 'என்ன செய்யப் பார்த்தாய்?' என்பதற்கு நோக்கம் பதில்.

காசிமேட்டுக் கடற்கரையில் ஒரு பிள்ளையை அலை இழுத்துக்கொண்டு போகிறது என்று வைத்துக்கொள்வோம். ஒருவர் பதறிப்போய்க் குதிக்கிறார். இன்னொருவர், அது படகு முதலாளியின் பிள்ளை, காப்பாற்றினால் கை நிறையக் கிடைக்கும் என்று குதிக்கிறார். உந்துதல் இருவருக்கும் வேறு, பிள்ளையைக் கரை சேர்க்கும் நோக்கம் இருவருக்கும் ஒன்று. இரண்டாமவர் தவறு செய்தாரா? ஜான் ஸ்டூவர்ட் மில் என்ற ஆங்கிலேயச் சிந்தனையாளர் 1861-ல் ஏறக்குறைய இதே உதாரணத்தை எழுதினார். மூழ்குகிறவரைக் காப்பாற்றுவது சரியான செயல். செய்தவர் கடமைக்காகச் செய்தாலும் கூலிக்காகச் செய்தாலும் செயல் சரியே. கூலிக்காரரைப் பற்றி நம் மதிப்பு கொஞ்சம் குறையலாம். அது ஆளைப் பற்றிய கேள்வி.

ஒரு பாதிரியார் இதை மறுத்தார். கொடுங்கோலன் ஒருவன், கடலில் குதித்துத் தப்பப் பார்த்த தன் எதிரியைக் காப்பாற்றுகிறான், பிறகு சித்திரவதை செய்வதற்காக. இதுவும் சரியான செயலா? மில் 1864-ல் ஓர் அடிக்குறிப்பில் பதில் சொன்னார். இங்கே மாறியிருப்பது உந்துதல் மட்டும் இல்லை, நோக்கமே வேறு. அவன் செய்யத் தொடங்கியது சித்திரவதை. தண்ணீரிலிருந்து இழுத்தது அதன் முதல் படி. ஆகவே அது வேறொரு செயல்.

இந்தப் பதில் எனக்கு மிகவும் பிடிக்கும். வெளியிலிருந்து பார்த்தால் இருவர் செய்ததும் தண்ணீரில் இறங்கி ஆளைத் தூக்கியதுதான். நோக்கத்தைச் சேர்த்துப் பார்க்கும்போதுதான் அங்கே நடந்தது இன்ன செயல் என்றே தெரிகிறது. கத்தியால் வயிற்றைக் கிழிப்பது அறுவைசிகிச்சையா, குத்தா என்பதும் அப்படித்தான் முடிவாகிறது.

இதுவரை பார்த்தது இவ்வளவுதான்: உந்துதல் பெரும்பாலும் ஆளைப் பற்றிச் சொல்கிறது, நோக்கம் அவர் செய்தது என்ன செயல் என்று சொல்கிறது. ஆயாவின் உந்துதல் இரக்கம், நோக்கம் காய்ச்சலையும் வலியையும் தணிப்பது. இரண்டும் நல்லவை. சிக்கல் வேறெங்கோ இருக்கிறது.

சரியான கூறு கொடுக்கும் மீன்கார அம்மா

இப்போது எதிர்ப்பக்கம். இம்மானுவேல் கான்ட் என்ற ஜெர்மானியர் 1785-ல் ஒரு கடைக்காரரைப் பற்றி எழுதினார். அவரை நம் ஊருக்கு அழைத்து வருவோம்.

ஒரு சிறுமி கையில் காசோடு மீன் வாங்க வருகிறாள். அவளுக்கு மீன் பார்க்கத் தெரியாது. விற்கும் அம்மா நினைத்தால் கூறில் நான்கு நசுங்கிய சங்கராவை அடியில் வைத்துத் தள்ளிவிடலாம். அவர் அப்படிச் செய்யவில்லை, நல்ல மீனாகவே போடுகிறார். ஏன்? 'பொண்ண ஏமாத்துனா அவ அம்மா நாளைக்கு வேற கடைக்குப் போயிடுவா' என்பது காரணமாக இருக்கலாம். அல்லது, 'தெரியாத பிள்ளையை ஏமாற்றுவது தவறு' என்பது மட்டுமே காரணமாக இருக்கலாம். சிறுமியின் கூடையில் இரண்டு விதத்திலும் ஒரே மீன்.

கான்ட் சொல்வது, இரண்டுமே சரியான செயல்கள்; ஆனால் இரண்டாவதுக்கு மட்டுமே அறப்பெருமை உண்டு. வியாபாரம் கெடும் என்ற பயத்தில் வந்த நேர்மை, பயம் போனால் தானும் போகலாம். சரியானது என்பதற்காகவே செய்யும் உறுதியைத்தான் அவர் நல்ல சித்தம் என்றார். அதிர்ஷ்டம் கெட்டு அது நினைத்ததில் ஒன்றுமே நிறைவேறாமல் போனாலும், அது தன்னாலேயே ரத்தினம் போல ஒளிரும் என்றார்.

விடியற்காலையில் ஏலத்தில் கூடை எடுத்து, வெயிலில் உட்கார்ந்து விற்று, குடும்பத்தை நடத்துகிறவருக்கு 'நாளைக்கும் ஆள் வர வேண்டும்' என்ற கவலை இருப்பதில் எனக்கு ஒரு குறையும் தெரியவில்லை. இந்த இடத்தில் கான்ட் கொஞ்சம் கடுமையானவர் என்றே தோன்றுகிறது. ஆனாலும் அவர் சுட்டிக்காட்டும் வித்தியாசம் உண்மையானது. யாரும் பார்க்காதபோது, திரும்பி வர வாய்ப்பே இல்லாத வெளியூர்க்காரர் வந்து நிற்கும்போது, அந்த வித்தியாசம் வெளியே வரும்.

கான்ட்டைப் பற்றி ஒரு தவறான புரிதல் பரவலாக இருக்கிறது. 'அவர் எண்ணம் நன்றாக இருந்தால் எல்லாம் சரி என்றவர்' என்று சொல்வார்கள். இல்லவே இல்லை. கொலைகாரன் ஒருவன் கதவைத் தட்டி, உள்ளே ஒளிந்திருக்கும் உங்கள் நண்பன் எங்கே என்று கேட்டால், நண்பன் மேல் உள்ள அன்பினால்கூடப் பொய் சொல்லக் கூடாது என்று 1797-ல் எழுதியவர் அவர். அவரைப் பொறுத்தவரை சில செயல்கள் அவற்றின் தன்மையாலேயே தவறு, நல்ல மனசு அதை மாற்றாது. இப்படிச் செயலின் தன்மையையும் கடமையையும் முதலில் வைக்கும் பார்வைக்குக் கடமைவாதம் என்று பெயர்.

வள்ளுவர் இந்தக் கதவருகே நின்றிருந்தால் வேறு பதில் சொல்லியிருப்பார். 'பொய்மையும் வாய்மை யிடத்த புரைதீர்ந்த நன்மை பயக்கும் எனின்' என்பது அவர் வாக்கு. குற்றமற்ற நன்மையைத் தரும் என்றால் பொய்யும் உண்மையின் இடத்தைப் பெறும். 'புரைதீர்ந்த' என்ற சொல்லை விட்டுவிட்டு இந்தக் குறளைச் சொல்கிறவர்கள் அதிகம். யாருக்கோ கிடைக்கும் ஏதோ ஒரு நன்மை போதும் என்று அவர் சொல்லவில்லை. குறையில்லாத நன்மை என்று கட்டிப்போட்டுத்தான் கதவைத் திறக்கிறார்.

விளைவை எண்ணுகிறவர்கள் சொல்வது

விளைவுதான் ஒரு செயலைச் சரியாக்குகிறது, தவறாக்குகிறது என்ற பார்வைக்கு விளைவுவாதம் என்று பெயர். ஜெரமி பெந்தாம் என்ற ஆங்கிலேயச் சிந்தனையாளரும் அவருக்குப் பின் வந்த மில்லும் அதை வளர்த்தவர்கள். பாதிக்கப்படும் எல்லோருடைய நலனையும் ஒரே தராசில் போட்டு, எது மொத்தத்தில் அதிக நன்மை தருகிறதோ அதைச் செய் என்பது அதன் சாரம்.

'முடிவு நல்லதாக இருந்தால் எப்படி வேண்டுமானாலும் செய்யலாம்' என்று இதைச் சுருக்கிவிடுகிறார்கள். அது அநியாயம். எப்படிச் செய்தோம் என்பதிலிருந்தும் விளைவுகள் கிளம்புகின்றன. குடிசைகளை இரவோடு இரவாக இடித்துப் பாலம் கட்டினால், பாலத்தில் போகிறவர்களின் வசதியோடு இடிபட்டவர்களின் அழுகையும், பள்ளி மாறிய பிள்ளைகளின் படிப்பும், இனி அரசாங்கத்தை நம்பாத மனசும் அதே தராசில் ஏற வேண்டும். ஒன்றையும் ஒதுக்காமல் எண்ணினால் இது மிகக் கடினமான கோட்பாடு.

இதில் உண்மையான சிக்கல், எந்த விளைவை எண்ணுவது என்பது. நடந்துவிட்ட விளைவையா, செய்யும் நேரத்தில் எதிர்பார்க்கத் தக்கதாக இருந்த விளைவையா?

குடித்துவிட்டு ஒருவர் கண் மண் தெரியாமல் வண்டி ஓட்டிப் பத்திரமாக வீடு சேருகிறார். நடந்த விளைவு சுழியம். அதனால் அவர் செய்தது சரியாகிவிடுமா? நிதானமாக, விதிப்படி ஓட்டிய ஒருவரின் வண்டி முன்னால் திடீரென ஒரு குழந்தை பாய்கிறது. நடந்த விளைவு பயங்கரம். அவர் செய்தது தவறாகிவிடுமா? செய்யும்போது என்ன தெரிந்தது, என்ன தெரிந்திருக்க வேண்டும் என்பதை வைத்துத்தான் செய்தவரை அளக்க முடியும். பின்னால் வந்தது அவர் கையில் முழுவதுமாக இல்லை.

மாஞ்சா: ஒரே செயல், இரண்டு முடிவு

கையில் இல்லாத ஒன்று நம் தீர்ப்பை எவ்வளவு மாற்றுகிறது என்பதற்கு வடசென்னைக்காரர்களுக்கு உதாரணம் தேட வேண்டியதில்லை.

வியாசர்பாடியில் இரண்டு மொட்டை மாடிகள். இரண்டிலும் ஒரே வயதுப் பையன்கள், ஒரே கடையில் வாங்கிய, கண்ணாடித் தூள் பூசிய மாஞ்சா நூல். நூலோடு நூலை உரசவிட்டு டீல் போட்டதில் காத்தாடி அறுபடுகிறது. ஒருவனின் நூல் வேப்பமரத்தில் சிக்கிக்கொள்கிறது. இன்னொருவனின் நூல் சாலையில் தாழ்ந்து, பைக்கில் முன்னால் உட்கார்ந்து வந்த குழந்தையின் கழுத்தை அறுத்துவிடுகிறது. நம் பகுதியில் இப்படி உயிர்கள் போயிருக்கின்றன. சென்னைக் காவல்துறை திரும்பத் திரும்பத் தடை போட்டிருக்கிறது. நைலான் மாஞ்சாவை 2017-ல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் நாடு முழுவதற்கும் தடை செய்தது.

இரண்டு பையன்களின் உந்துதலும் விளையாட்டு. நோக்கம் அடுத்தவன் காத்தாடியை அறுப்பது. தெரிந்தும் காட்டிய அலட்சியமும் ஒன்றே. ஒருவன் இரவு வீட்டில் சோறு சாப்பிடுகிறான், இன்னொருவனைத் தெருவே சபிக்கிறது. நடுவில் வித்தியாசம் காற்று மட்டும்.

நம் கட்டுப்பாட்டில் இல்லாத ஒன்று, நம் மேல் விழும் பழியையும் புகழையும் மாற்றிவிடுவதை அற அதிர்ஷ்டம் என்கிறார்கள். 1976-ல் பெர்னார்ட் வில்லியம்ஸ், தாமஸ் நேகல் என்ற இரு தத்துவவாதிகள் இதை ஒரு பெரிய கேள்வியாக்கினார்கள். அதற்கு இருநூறு ஆண்டுகளுக்கும் முன்பே, 1759-ல், ஆடம் ஸ்மித் என்ற ஸ்காட்லாந்துச் சிந்தனையாளர் இதைப் பார்த்திருந்தார். ஒருவன் சுவருக்கு இந்தப்பக்கம் நின்று, அந்தப்பக்கம் தெருவில் யார் போகிறார்கள் என்று பாராமல், எச்சரிக்கையும் செய்யாமல், பெரிய கல்லைத் தூக்கி வீசுகிறான். யார் மேலும் படவில்லை என்றாலும் அவன் கண்டிக்கத் தக்கவன் என்றார். பட்டுவிட்டால் நம் கோபம் பல மடங்காவதையும் குறித்தார். மாஞ்சாவும் சுவர் தாண்டி வீசிய கல்தான்.

சட்டமும் இந்த இரட்டை நிலையில்தான் நிற்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில், அலட்சியத்தால் பிறர் உயிருக்கு ஆபத்து உண்டாக்கினால் அதிகபட்சம் 3 மாதச் சிறை. அலட்சியத்தால் மரணமே நேர்ந்தால் 5 ஆண்டு வரை. ஒரே மாதிரி அலட்சியத்துக்கு, முடிவு மாறியதால் இருபது மடங்கு.

இது நியாயமா? என் எண்ணம், ஆளைப் பற்றிய கேள்விக்கு இரண்டு பையன்களும் ஒன்றே. மரத்தில் நூல் சிக்கியவன் 'நான் ஒண்ணும் பண்ணல' என்று நிம்மதியாகத் தூங்கக் கூடாது. மூன்றாவது கேள்விக்குத்தான், அதாவது அந்தக் குழந்தையின் பெற்றோருக்கு யார் பதில் சொல்வது என்பதற்குத்தான், விளைவு தனிக் கனம் பெறுகிறது. இறந்த குழந்தைக்கு ஒரு குடும்பம் இருக்கிறது. அந்தக் குடும்பத்தின் முன் நிற்க வேண்டிய கடன் ஒருவனுக்கு வந்துவிட்டது, இன்னொருவனுக்கு வரவில்லை.

சுருக்கமாக: செய்தவரை அளக்க, எதிர்பார்க்கத் தக்க விளைவே சரியான அளவுகோல். நடந்த விளைவு, செய்த பிறகு அவர் யாருக்கு என்ன கடன்பட்டவர் என்பதைத் தீர்மானிக்கிறது.

தெரிந்தே நடக்கும் பக்கவிளைவு

'நான் அதை நோக்கமாக வைத்துச் செய்யவில்லை' என்ற வாதத்தை எண்ணூரில் நின்று யோசிக்க வேண்டும்.

அனல் மின் நிலையம் நிலக்கரியை எரிக்கிறது. நோக்கம் மின்சாரம். எரித்தால் சாம்பல் வரும். அதைத் தண்ணீரில் கரைத்துக் குழாய் வழியாகச் செப்பாக்கம் சாம்பல் குளத்துக்கு அனுப்புகிறார்கள். குழாய்கள் கசிந்து கொசஸ்தலை ஆற்றின் கழிமுகத்தில் சாம்பல் படிந்தது. இறால் தேடி இறங்குகிறவர்களின் கால் சேற்றுக்குப் பதில் சாம்பலில் புதைந்தது. ஆற்றைக் கெடுக்க வேண்டும் என்று யாரும் திட்டம் போட்டிருக்க மாட்டார்கள். ஆனால் கசிவது பல ஆண்டுகளாகத் தெரிந்த விஷயம்.

நோக்கம் என்று ஒன்று, தெரிந்தே அனுமதித்த பக்கவிளைவு என்று ஒன்று. இவற்றைப் பிரித்துப் பார்ப்பது பழைய வழக்கம். சில இடங்களில் நியாயமும்கூட. வலியில் துடிக்கும் நோயாளிக்கு டாக்டர் வலுவான மருந்து கொடுக்கிறார். மயக்கம் வரும் என்று அவருக்குத் தெரியும், ஆனால் அவர் தேடுவது வலி தீர்வதை மட்டுமே. இதில் யாரும் குறை காண்பதில்லை. பக்கவிளைவு சிறியது, நன்மை பெரியது, இரண்டும் அதே நோயாளிக்கு, அவரைக் கேட்டும் செய்கிறார். எண்ணூரில் நன்மை ஒருவருக்கு, கேடு இன்னொருவருக்கு. கேடு போகிற இடத்தில் இருப்பவரை யாரும் கேட்கவில்லை. 'நோக்கம் இல்லை' என்ற சொல் அந்த இடத்தில் பாரம் தாங்காது.

2003-ல் ஜோஷுவா நோப் என்ற ஆய்வாளர் நியூயார்க்கில் பூங்காவுக்கு வந்தவர்களிடம் ஒரு கதை சொன்னார். கம்பெனித் தலைவரிடம் ஒரு புதிய திட்டம் வருகிறது. லாபம் வரும், சுற்றுச்சூழல் கெடும். 'சுற்றுச்சூழலைப் பற்றி எனக்குக் கவலை இல்லை, லாபம் வந்தால் போதும்' என்கிறார் தலைவர். திட்டம் நடக்கிறது, கேடும் நடக்கிறது. அவர் வேண்டுமென்றே கெடுத்தாரா என்று கேட்டபோது 82 சதவீதம் பேர் ஆம் என்றார்கள். இன்னொரு குழுவுக்கு அதே கதையில் 'கெடும்' என்பதை 'நன்மை அடையும்' என்று மாற்றிச் சொன்னார். வேண்டுமென்றே நன்மை செய்தாரா என்றதற்கு 23 சதவீதம் பேர்தான் ஆம் என்றார்கள். தலைவரின் மனநிலை இரண்டிலும் ஒன்றே.

இதிலிருந்து இரண்டு பாடம் எடுக்கலாம். விளைவு கெட்டதாக இருந்தால், அதைப் பார்த்துவிட்டு நோக்கத்தையும் நாம் கெட்டதாகவே ஊகிக்கிறோம். ஆயாவைத் திட்டியவர்களிடம் இது இருந்தது. 'அந்தப் பையன கண்டாலே அதுக்கு ஆகாது' என்றுகூட ஒரு குரல் கேட்டது. மற்றொன்று, எனக்கு இதுவே முக்கியம்: கேடு வரும் என்று தெரிந்தும் கவலைப்படாமல் இருப்பதை மக்கள் ஒரு செயலாகவே எண்ணுகிறார்கள். அது சரி என்பேன்.

அப்படியானால் நல்லெண்ணம் என்பது எது?

'கடமையைச் செய், பலனை எதிர்பாராதே' என்பது எல்லோர் வாயிலும் இருக்கும் வரி. விளைவைப் பற்றிக் கவலைப்படாதே என்று இதற்குப் பொருள் சொல்கிறவர்களைப் பார்க்கிறேன். உனக்கு வர வேண்டிய பலன் மேல் பற்று வைக்காதே என்பதற்கும், உன் செயலால் அடுத்தவருக்கு என்ன ஆகும் என்று பார்க்காதே என்பதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். முதலாவது துறவு. இரண்டாவது பொறுப்பின்மை.

நல்லெண்ணத்துக்கு எனக்குத் தெரிந்த சிறந்த விளக்கங்களில் ஒன்று, யாரும் இலக்கியமாகப் படிக்காத ஒரு சட்ட வரியில் இருக்கிறது. 1860-ன் இந்தியத் தண்டனைச் சட்டம், 52-ஆம் பிரிவு: உரிய கவனமும் அக்கறையும் இல்லாமல் செய்த எதையும் நல்லெண்ணத்தோடு செய்ததாகச் சொல்ல முடியாது. புதிய சட்டத்திலும் இதே விளக்கம் தொடர்கிறது. இதன்படி நல்லெண்ணம் என்பது நெஞ்சில் எழும் இரக்கத்தோடு முடிவதில்லை. என்ன ஆகும் என்று விசாரிப்பதும் அதற்குள்ளேயே அடக்கம். நோக்கமும் விளைவும் எதிரெதிர் முகாம்களில் நிற்பதாக நினைத்தோமே, இங்கே இரண்டும் கைகோத்துக்கொள்கின்றன. உண்மையாகவே ஒருவருக்கு நன்மை வேண்டும் என்றால், அவருக்கு அது நன்மையாக முடியுமா என்று பார்க்காமல் இருக்க முடியாது. 'நன்றாற்ற லுள்ளும் தவறுண்டு அவரவர் பண்பறிந் தாற்றாக் கடை' என்ற குறளும் இதைத்தான் சொல்கிறது. எதிரில் இருப்பவர் இயல்பு அறியாமல் செய்தால், நல்லது செய்வதிலும் தவறு உண்டு.

2017 ஜனவரி 28-ல் எண்ணூர்த் துறைமுகத்துக்கு வெளியே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியது. எர்ணாவூர்க் கரையில் மீனவர்களும் மாணவர்களும் இறங்கி வாளி வாளியாகக் கருப்புக் குழம்பை அள்ளினார்கள். அவர்களை நினைத்தால் இன்றைக்கும் நெஞ்சு நிறைகிறது. அதே நேரத்தில், தோலிலும் மூச்சிலும் ஏறும் எண்ணெய்க்குள் போதிய பாதுகாப்பில்லாமல் பிள்ளைகளை நிற்கவிட்டது சரியா என்பது தனிக் கேள்வி. அதைக் கேட்பதால் அள்ளிய கைகளின் பெருமை குறையாது. அந்தக் கேள்வி அவர்களை நோக்கியதே இல்லை, கையுறையும் கருவியும் தரக் கடமைப்பட்டிருந்தவர்களை நோக்கியது.

எல்லோரிடமும் ஒரே அளவு விசாரணையை எதிர்பார்க்க முடியாது என்பதையும் சொல்ல வேண்டும். மருந்துக்கடைக்காரர் டெங்குக் காய்ச்சலுக்கு அந்த மாத்திரையைக் கொடுத்திருந்தால் என் கோபம் வேறு மாதிரி இருக்கும். ஏழாம் வகுப்பைத் தாண்டாத, மாத்திரை அட்டையில் இருக்கும் ஆங்கிலத்தைப் படிக்க முடியாத ஆயாவுக்கு இபுப்ரோஃபென் எது, பாரசிட்டமால் எது என்று தெரிந்திருக்க வேண்டியதில்லை. ஆனால் ஒருவருக்கு எழுதிய மருந்தை இன்னொருவருக்குக் கொடுக்கக் கூடாது என்பது தெரிந்திருக்கலாம். யாரையாவது கேட்டிருக்கலாம். தெருமுனையில் ஆரம்ப சுகாதார நிலையம் இருக்கிறது. அவர் தவறு அந்த அளவுதான், அதற்கு மேல் இல்லை.

இதைத்தான் பிள்ளைகளிடம் சொன்னேன். ஆயா நல்லவங்க, குடுத்தது தப்பு, தப்பு சின்னது, அதிலிருந்து வந்த கடன் பெரியது என்று. ஒன்பதாம் வகுப்புப் பெண் ஒருத்தி விடவில்லை. "அவனுக்கு டெங்கு இல்லாம சாதாக் காய்ச்சலா இருந்து, மாத்திரைல சரியாயிருந்தா? அப்ப எல்லாரும் ஆயாவ மெச்சிருப்பாங்க இல்ல சார்?" ஆமாம், மெச்சியிருப்போம் என்றேன். அப்போதும் கொடுத்தது அதே தவறாகத்தான் இருந்திருக்கும், நமக்குத் தெரிந்திருக்காது. அவள் கொஞ்ச நேரம் எதிர்வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பையன் ஆஸ்பத்திரியில் இருந்த ஐந்து நாளும் ஆயா தினமும் கஞ்சி வைத்துக் கொண்டுபோனார். அவன் அம்மா தூக்கை வாங்கிக்கொள்வார், பேச மாட்டார். இன்றைக்கும் இருவருக்கும் சரியான பேச்சு இல்லை. போன வாரம் ஆயா தன் மாத்திரை டப்பாவை எடுத்துக்கொண்டு எங்கள் மாடிக்கு ஏறி வந்தார். எது எதற்கு என்று தமிழில் எழுதி ஒட்டித் தரச் சொன்னார். எழுத உட்கார்ந்தது அந்தப் பையன்தான். ஒவ்வொரு அட்டையாகப் பார்த்து 'மூட்டு வலி', 'பிரஷர்' என்று எழுதி ஒட்டியவன், மூடியின் மேல் ஸ்கெட்ச் பேனாவால் கொட்டையாக 'ஆயாவுக்கு மட்டும்' என்று எழுதிக் கொடுத்தான்.